கரிமுகனும் கொண்டை ஊசியும்

பிள்ளையார்பாளையத்துக் கலாவதி தறியை விட்டு எழுந்ததும் கைப்பேசியை எடுத்துவிடுவாள். அதில் 'கரிமுகன்' தொடர் ஓடும். கரிமுகன் கறுப்புத் துணியால் முகத்தை மூடிக்கொண்டு அயோக்கியர்களைத் தேடிப்போய் எலும்பை முறிப்பான். பிறகு மொட்டைமாடியில் தனியே உட்கார்ந்து, நானும் அயோக்கியன்தானோ என்று குமைவான்.

"இவன் இன்னா ஹீரோ? ரவுடி மாரி இருக்கான்" என்பான் கணவன் குமாரசாமி.

"நல்லவன் இன்னா பண்ணுவான்னு நமக்கே தெரியும். இவன் இன்னா பண்ணுவான்னு இவனுக்கே தெரியாதுங்க. அதான் கண்ணை எடுக்க முடியல."

விடிந்ததும் தறிக்கான நூலைத் தெருவில் நீளமாக இழுத்துப் பாவு விரிப்பது அவர்கள் வழக்கம். எதிர்வீட்டுத் தணிகாசலமோ சரியாக அந்த இடத்தில்தான் தன் புல்லட்டைக் குறுக்கே நிறுத்துவான். குமாரசாமி பணிவாகக் கேட்டுப் பார்த்தான்.

"தெரு உன் பேர்ல பட்டாவாபா?" என்றான் தணிகாசலம். குமாரசாமி திரும்பி வந்துவிட்டான்.

மறுநாள் கருக்கலில் கலாவதி வாசல் தெளிக்க வந்தாள். தெருவில் ஈ காக்கை இல்லை. முந்தானையால் முகத்தை மூடிக்கொண்டாள். புல்லட்டின் அருகே குந்தி, கொண்டை ஊசியால் டயர் வால்வை அழுத்தினாள். உஸ்ஸென்று காற்று இறங்கியது. அவளுக்கு உச்சி குளிர்ந்தது.

தணிகாசலம் வேர்த்து விறுவிறுக்க வண்டியைத் தள்ளிக்கொண்டு போனதை ஜன்னல் வழியே பார்த்தாள். இரக்கம் வர வேண்டுமே என்று காத்துப் பார்த்தாள். வரவில்லை. சிரிப்புதான் வந்தது.

ஆனால் திரும்பி வந்தவன் நேரே தன் பக்கத்து வீட்டுக் கிறிஸ்டோபரின் சட்டையைப் பிடித்தான். அவர்களுக்குள் ஏற்கெனவே சாக்கடைத் தகராறு. "உன் வேலைதான்டா இது."

கலாவதி ஜன்னலை விட்டு நகர்ந்தாள். போய் உண்மையைச் சொல்லிவிடலாம். சொன்னால் குமாரசாமி தெருவில் தலைகாட்ட முடியாது. யோசித்தாள். மத்தியானம், தெரு சோற்றுக்கு உள்ளே போயிருந்த நேரம், கிறிஸ்டோபரின் ஸ்கூட்டர் காற்றையும் பிடுங்கிவிட்டாள்.

சாயங்காலமே இருவரும் சமாதானம். எவனோ வெளியாள் என்று முடிவாயிற்று. ஒருவர் தோளில் ஒருவர் கைபோட்டு, வண்டிகளை வீட்டுக்குள் ஏற்றிப் பூட்டினார்கள். காலையில் பாவு தடையில்லாமல் நீண்டது.

தணிகாசலம் தானே வந்து பாவின் ஒரு முனையைப் பிடித்துக்கொடுத்தான். "ஏம்மா, நீதான் முதல்ல எழுந்துக்கிற ஆளு. எவனையாவது பாத்தியா?"

கலாவதி இல்லை என்று தலையை ஆட்டியிருக்கலாம். நாக்கு கேட்கவில்லை.

"பாத்தேண்ணா. முகத்தை மூடிக்கினு ஒருத்தன் போனான்."

"உயரமா?"

அவள் கையைத் தன் தலைக்கு மேலே தூக்கிக் காட்டினாள். போதவில்லை என்று தோன்ற, இன்னும் ஒரு சாண் ஏற்றினாள்.