கண்ணாடியில் விழுந்த கரை

எங்கள் படகில் நாற்பது நாள் வந்த படக்காரப் பெண்ணுக்கு நான் ஒரே ஒரு நிபந்தனைதான் போட்டேன். வலை இறக்கும்போது கரையைப் படம் எடுக்கக் கூடாது. ஏன் என்று கேட்டாள். கூடாதென்றால் கூடாது என்றேன். கம்பெனி எதுவும் பின்னால் இல்லாமல், ஒற்றைக் கேமராவோடு மீன்பிடிக்கிறவர்களைப் படமெடுக்க வந்தவள். கேமராவைக் கரைப்பக்கம் திருப்பவே இல்லை.

மீன் ஏலக்கூடத்தில் ஊரார் படத்தைப் பார்ப்பதற்கு ஒரு மணி நேரம் முன்பு, எனக்கும் தம்பிக்கும் மட்டும் அவள் அறையில் போட்டுக் காட்டினாள். வலை இறக்கும்போது தம்பி சுக்கான் பிடித்திருக்கும் காட்சி வந்தது. சுக்கான் அறைக்கு வெளியே நின்று, கண்ணாடி வழியாக அவன் முகத்தை எடுத்திருந்தாள். அந்தக் கண்ணாடியில் கரை விழுந்திருந்தது. கலங்கரை விளக்கமும் ஆலைப் புகைபோக்கியும், ஒன்றின் பின் ஒன்றாக.

அவை இரண்டும் ஒரே கோட்டில் தெரியும் இடத்தில்தான் அடியில் பாறை இருக்கிறது. மீன் அங்கேதான் அடையும். தாத்தா கண்டது. மூன்று தலைமுறையாக, கட்டிய மனைவிக்குக்கூட நாங்கள் சொன்னதில்லை.

"இதை எடுத்துடும்மா" என்றேன்.

"காரணம் சொல்லுங்க ஐயா. ஆளுக்கு ஒன்னு வெட்டச் சொன்னா அப்புறம் அது என் படமா இருக்காது."

காரணத்தைச் சொல்வதும் இடத்தைச் சொல்வதும் ஒன்றுதான். தம்பி வாயைத் திறந்தான். நான் பார்த்த பார்வையில் மூடிக்கொண்டான். எழுந்து வந்துவிட்டேன்.

கூடம் நிறைந்திருந்தது. இரண்டு வரிசை முன்னால் வக்கீல் உட்கார்ந்திருந்தான். அவனும் படகுக்காரன்தான், எதற்கெடுத்தாலும் வாதாடுவதால் அந்தப் பெயர். பதினெட்டு வருடமாக எங்கள் படகைத் தொடர்ந்து வந்து ஏமாந்தவன்.

திரையில் தம்பி முகம் வந்ததும் சிரிப்பு எழுந்தது. சுக்கான் பிடிக்கிறாரா, தூங்குகிறாரா என்று யாரோ ஒரு பெண் கேட்டாள். நான் திரையைப் பார்க்கவில்லை. வக்கீலின் பிடரியைப் பார்த்தபடி இருந்தேன். அது விறைத்தது.

பார்த்துவிட்டான்.

பக்கத்திலிருந்த அவன் மைத்துனன் திரையைக் காட்டிக் கை நீட்டினான். வக்கீல் அந்தக் கையைப் பிடித்துக் கீழே அமுக்கினான். பிறகு தலையைக் குனிந்துகொண்டான். அவனைப் பார்த்து அடுத்தவர், அவருக்கும் அடுத்தவர். கடலுக்குப் போகிற ஒவ்வொருவரும் தரையைப் பார்த்தார்கள். தொடர்ந்து வந்து கண்டுபிடித்தால் அது சாமர்த்தியம். தவறி வெளியே விழுந்ததைப் பொறுக்கினால் அது திருட்டு. எங்கள் வழக்கம் அப்படி.

படம் முடிந்ததும் வாசலில் வக்கீல் என்னை நிறுத்தினான்.

"நாங்க யாரும் பாக்கல அண்ணே. ஆனா இந்தப் படம் ஊர் ஊரா போகும். அங்க இருக்கறவன் தலையக் குனிவானா?"

தெரியும் என்றேன்.

"தெரிஞ்சுமா அந்தப் பொண்ணுகிட்ட ஒரு வார்த்தை சொல்லல? நல்ல வீம்பு."

அதை இவன் வாயால் கேட்கவேண்டியிருந்தது. திரும்பி உள்ளே போனேன். அவள் வயர்களைச் சுருட்டிக்கொண்டிருந்தாள். முகம் வாடியிருந்தது.

"நடுவுல ஏன் ஐயா எல்லாரும் குனிஞ்சுட்டாங்க? அவ்வளவு மோசமா இருந்துச்சா?"

தம்பியைக் கூப்பிட்டுக் கதவைச் சாத்தச் சொன்னேன். நாற்காலியை இழுத்துப் போட்டு அவள் எதிரில் உட்கார்ந்தேன்.

"படம் நல்லாத்தாம்மா இருக்கு. அந்தக் கண்ணாடில என்ன தெரியுதுன்னு சொல்றேன், கேளு."