மரியத்தின் பிள்ளை

அச்சகத்திலிருந்து வந்த கடைசிப் பிழைதிருத்தத் தாள்களைச் சாப்பாட்டு மேசையில் பரப்பிக்கொண்டு றம்லா உட்கார்ந்திருந்தாள். மாத்தளைக்குப் பக்கத்து அலுவிகாரையில், அவளுடைய ராத்தா ஹமீமாவும் மகள் நப்லாவும் இருக்கிற வீடு அது. பல்கலைக்கழகத்தில் வரலாறு படிப்பிக்கும் றம்லா வெள்ளிக்கிழமை பின்னேரங்களில் இங்கே வந்துவிடுவாள். கல்யாணம் முடிக்கவில்லை, போக வேறு வீடும் இல்லை. உம்மா மௌத்தானபோது அவளுக்கு ஏழு வயது. பதினைந்து வயது ஹமீமா பள்ளிக்கூடத்தை விட்டு நின்று தங்கச்சியை வளர்த்தாள்.

ஆப்பிரிக்காவிலிருந்து இந்தத் தீவுக்கு அடிமைகளாகக் கொண்டுவரப்பட்டவர்களைப் பற்றிய புத்தகம். ஒன்பது வருட வேலை. பூச்சி அரித்த பதிவேடுகளில் பெரும்பாலானவர்கள் ஒற்றை வரியாகத்தான் கிடந்தார்கள். வாங்கியவன் வைத்த பெயர், உத்தேச வயது, உடம்பில் ஏதாவது ஒரு தழும்பு. அத்தனை வரிகளுக்கு நடுவே ஒருத்தி மட்டும் பேசியிருந்தாள். ஓர் அதிகாரி மாத்தளைக்குக் கொண்டுவந்த மொசாம்பிக் பெண். பதிவேட்டில் அவள் டொரோத்தியா. தன் ஆறு வயது மகளைத் திருகோணமலைக்கு விற்றுவிட்டார்கள், பிள்ளையைத் திருப்பித் தரவேண்டும் என்று அரசாங்கத்துக்கு அவள் கொடுத்த மனு அப்படியே இருந்தது. அதை எழுதிக்கொடுத்தவன் ஓரத்தில் குறித்திருந்தான்: 'சொந்தப் பெயர் ஒன்று சொல்கிறாள். எழுத முடியவில்லை.'

அதைப் படித்த அன்றைக்கு றம்லா சுவடிக்கூடத்தின் படியில் உட்கார்ந்து அழுதாள். பிறகு இரண்டு வருடம் அந்தப் பெண்ணின் மிச்சத்தைத் தேடினாள். கடைசியில் ஒரு காணி உறுதிப் பத்திரத்தில் கிடைத்தாள். விடுதலையாகி, இஸ்லாத்துக்கு வந்து, 'முன்னாள் டொரோத்தியா' என்ற குறிப்போடு மரியம் என்ற பெயரில், கலந்தர் என்ற வியாபாரியின் மனைவியாக இருந்தாள். திருகோணமலையிலிருந்து மீட்கப்பட்ட மகளும் கூடவே இருந்தாள். காணி அந்த மகளின் பெயருக்குத்தான் எழுதப்பட்டிருந்தது. கலந்தர் தோட்டம். உம்மா வழியில் இறங்கி வந்த, இந்த வீடு நிற்கிற மண்.

"ராத்தா, நாங்க யார்ட புள்ளைகள் தெரியுமா?" என்று தொடங்கி, அச்சாகும்வரை பொத்திவைத்திருந்த எல்லாவற்றையும் இப்போது சொன்னாள். ஹமீமா கறிவேப்பிலை உருவிக்கொண்டிருந்த கையை நிறுத்தினாள்.

"காப்பிரிச்சியா? அடிமையா வந்த கறுப்பியா?"

"மனுசி, ராத்தா. தனியா நின்டு அரசாங்கத்தோட பேசி புள்ளய மீட்ட மனுசி."

"நப்லாக்கு அடுத்த மாசம் நிக்காஹ் ஈக்கி. மாப்புள்ளட உம்மா வாயத் தொறந்தா அரபு வம்சம் அரபு வம்சம்டுதான் பேசற. இது அவங்கட கையில கெடச்சா என்ன நடக்கும்டு உனக்குத் தெரியாதா?"

"நான் பொய்யா எழுதீக்கிறன்?"

ஹமீமா குரலை உயர்த்தவில்லை. "நான் உன்னய ஒருநாளும் ஒன்டும் கேட்டதில்ல, றம்லா."

அது உண்மை. றம்லா தாள்களைத் தன் பக்கம் இழுத்துக்கொண்டாள்.

மஃரிப் தொழுகைக்கு முன்னால் நான்கு பக்கங்களைக் கோடிட்டு நீக்கினாள். மரியம் போனாள், கலந்தர் போனார், காணி உறுதி போயிற்று. மனுவுக்குப் பிறகு ஒன்றும் இல்லாமல் அத்தியாயம் அந்தரத்தில் நின்றது. அதை முடித்துவைக்க ஒரு வரி வேண்டியிருந்தது. 'இதன் பின் இந்தப் பெண்ணைப் பற்றியோ மகளைப் பற்றியோ தகவல் எதுவும் இல்லை' என்று எழுதினாள். அடுத்தவர்கள் எழுதிவைத்த பொய்களைப் பிடிப்பதே அவள் தொழில். இது அவளே எழுதிய முதல் பொய்.

நிக்காஹ் நல்லபடி முடிந்தது. புத்தகமும் வந்தது. ஒரு விமர்சகர் அந்த வரியையே எடுத்துக்காட்டி, ஆவணங்களின் மௌனத்தை மதிக்கத் தெரிந்தவர் என்று றம்லாவைப் பாராட்டியிருந்தார். அதற்குப் பிறகு அவள் விமர்சனங்கள் எதையும் படிக்கவில்லை.

அடுத்த வருடம் நப்லா ஏழு மாத வயிற்றோடு தலைப்பிரசவத்துக்குத் தாய்வீட்டுக்கு வந்தாள். பொழுது போகாமல் சாச்சியின் புத்தகத்தை எடுத்தாள். ஒரு சனிக்கிழமை பகல், சாப்பாட்டுக்கு உட்காரும்போது கேட்டாள்.

"சாச்சி, அந்தப் புள்ள கெடச்சிச்சா?"

"எந்தப் புள்ள?"

"டொரோத்தியாட மகள். நேத்திலேந்து அதுதான் மனசுல சுத்துது. ஒரு எடத்துலயும் இல்லயா? அந்த உம்மாக்குக் கடைசி வரைக்கும் புள்ளயக் காட்டவே இல்லயா?"

றம்லா ராத்தாவைப் பார்த்தாள். ஹமீமா சோற்றுச் சட்டியோடு குசினி வாசலில் நின்றாள். யாருடைய முகத்தையும் பார்க்கவில்லை. ஒரு கண்ணசைவு போதும், சொல்லிவிடலாம். கெடச்சிச்சு மகள், அந்தப் புள்ள வளந்த மண்ணுலதான் நீ இப்ப உக்காந்தீக்க. றம்லா காத்திருந்தாள். ஹமீமாவின் கண்கள் சட்டியிலிருந்து எழும்பவே இல்லை.

"தகவல் இல்ல மகள்" என்றாள் றம்லா.

நப்லா தலையாட்டினாள். பிறகு வயிற்றில் கையை வைத்துக்கொண்டு, தெரிந்த வீட்டு மௌத்துக்கு அழுவதுபோல, சத்தமில்லாமல் அழுதாள். ஏன் அழுகிறோம் என்று அவளுக்கே கூச்சமாக இருந்திருக்கவேண்டும். எழும்பி, முகம் கழுவ வெளியே பைப்படிக்குப் போனாள்.

ஹமீமா சட்டியை மேசையில் வைத்தாள். கொடியில் கிடந்த துவாயை உருவிக்கொண்டு மகளுக்குப் பின்னால் நடந்தாள்.

றம்லா ஜன்னலால் பார்த்தாள். நப்லா குனிந்து இரண்டு கைகளாலும் தண்ணீரை ஏந்தி ஏந்தி முகத்தில் அடித்துக்கொண்டிருந்தாள். இரண்டு அடி தள்ளி ஹமீமா நின்றாள். துவாயை நீட்டவில்லை, நெஞ்சோடு சேர்த்துப் பிடித்திருந்தாள். அவளுடைய உதடுகள் அசைவதுபோல இருந்தது. அந்த நேரம் பெரிய ரோட்டில் தம்புள்ளை பஸ் ஒன்று ஹோர்ன் அடித்துக்கொண்டே போயிற்று; என்ன சொன்னாள் என்று றம்லாவுக்குக் கேட்கவில்லை. நப்லா நிமிரவில்லை. பைப் திறந்தபடியே இருந்தது. தண்ணீர் சீமெந்துத் தளத்தில் வழிந்து, ஹமீமாவின் கால்களை நனைத்துக்கொண்டு தோட்டத்துக்குள் போனது.