சோடி வெளிச்சம்

...ஏழுக்கு மை தடவிவிட்டேனோ, ஏழு என்ற எண்ணை ஒன்றையும் அதையும் தவிர வேறெதனாலும் வகுக்க முடியாதே, அது வெள்ளையாக அல்லவா இருக்க வேண்டும், சேசுவே, இப்போது சந்தேகப்பட்டு என்ன செய்ய, பங்கிராஸ் அண்ணன் பிலிமை மெஷினில் மாட்டிவிட்டான். ஒரு தடவைதான் ஓட்டுவேன், முதலாளி பார்த்தால் என் ஆப்பரேட்டர் வேலை போய்விடும் என்று சொல்லித்தான் சம்மதித்தான். கம்பத்து டூரிங் கொட்டகையில் இந்தப் பகலில் நான் ஒருத்திதான், மணலெல்லாம் கடலைத் தொலி. நாளைக்குக் கொட்டகையைப் பிரித்துத் தேவதானப்பட்டிக்குக் கொண்டுபோய்விடுவார்கள், அப்புறம் எங்கே பார்ப்பது? அவன் வெட்டிப்போட்ட பிலிம் துண்டுகளைச் சோடா உப்பில் ஊறவைத்து, படம் போகத் தேய்த்து, ஒட்டி, ஓர் எண்ணுக்கு ஆறு கட்டம் என்று பிரித்து, வகுபடும் எண்களுக்கெல்லாம் கறுப்பு மை, வகுபடாத பகா எண்களை மட்டும் அப்படியே விட்டு... ராயப்பன்பட்டிப் பள்ளிக்கூடத்துக் கணக்கு டீச்சருக்கு இந்த வேலை எதற்கு, கிறுக்குத்தான் என்று அம்மா என்னைச் சாமியாரிடம் செபிக்கக் கூட்டிப்போனாள். இந்த எண்கள் ஏதாவது ஒழுங்கில் வருகின்றனவா, இல்லை, அம்மா சொன்னதுதான் சரியா? எனக்கு அது தெரிந்தாக வேண்டும்.

வெளிச்சம், இருட்டு, வெளிச்சம்... ஏழு வெள்ளைதான், நல்லவேளை. தாளமா இது? தாளமென்றால் கால் பிடித்துக்கொள்ளுமே, ஒவ்வொரு தடவையும் கால் ஏமாந்துபோகிறது. இருட்டு நீண்டுகொண்டே போகிறது, எண் பெரிதானால் வகுக்கிற எண்களும் கூடத்தானே செய்யும், இனி அவ்வளவுதான் என்று நினைக்கும்போது ஒரு வெளிச்சம், ஓர் இருட்டு, உடனே இன்னொரு வெளிச்சம், சோடியாக. பதினொன்றும் பதின்மூன்றும் இப்படித்தான் வந்தன, பதினேழும் பத்தொன்பதும் கூட, கரும்பலகையில் எத்தனை தடவை எழுதியிருக்கிறேன், அப்போதெல்லாம் ஏன் நெஞ்சு இப்படி அடித்துக்கொள்ளவில்லை? மறுபடியும் நெடிய இருட்டு. போச்சு... இல்லை, இதோ, திரும்பவும் சோடி.

சட்டென்று திரை முழுக்க வெள்ளை. பிலிம் தீர்ந்துவிட்டது. இனிமேல் வருவதெல்லாம் நான் மை தடவிப் பார்க்காத எண்கள்.

அண்ணன் கையைத் துடைத்துக்கொண்டு இறங்கி வந்தான். இதில் கதை எங்கே என்று கேட்பான், கேட்டால் என்ன சொல்வது... அவன் திரையையே பார்த்துக்கொண்டு நின்றான்.

"ராணி, அந்த வெளிச்சம் சோடி சோடியா வந்துச்சே, இன்னும் நீளமா ஒட்டுனா அங்கனயும் வருமா?"

வருமா? தெரியாது அண்ணே என்று சொல்ல வாயெடுத்தேன், அவனும் அதைத்தான் பார்த்திருக்கிறான் என்பது அப்போதுதான் எனக்கு உறைத்தது.