ஹாலிஸ் கிராண்டுக்குச் சாவில்லை

1

அறையில் நான்கு பேர். கதவுக்கு எதிரே பெரிய மேசையில் பதிப்பாசிரியர் லாஸ்கர். ஜன்னலோரம், படம் வரையும் சாய்பலகையில், பென்சில் படங்களுக்கு மை போடும் விட்டோ. அவனுக்குப் பக்கத்தில், படங்களுக்குள் வசனங்களைக் கையால் எழுதும் இடா கோர்மன். சுவரோர நாற்காலியில், கோட்டைக் கழற்றாமல் ஃபான்யா ஷாஃப். நடுவில் ஒரு சாய்பலகை காலி. அது, படம் வரைந்த அவள் கணவன் மெண்டலுடையது. நியூயார்க், 1944, இலையுதிர்காலம்.

இந்தக் கதை எரிச்சலில் பிறந்தது. இந்த நகரத்தில் பிறருக்குக் கடிதம் எழுதிக் கொடுத்துக் காலம் தள்ளியவன் நான். என் வரிகளுக்குக் கீழே வேறொருவர் பெயர் இருக்கும். ஆனால் அந்த ஆள் உயிரோடு இருப்பார். 'விடியல் ஐவர்' காமிக்ஸில் அதுவும் இல்லை. ஐந்து மாவீரர்கள் மாதந்தோறும் நாஜிப் படையை எட்டுப் பக்கத்தில் நொறுக்குவார்கள். அட்டையில் 'ஹாலிஸ் கிராண்ட்' என்றிருக்கும். அப்படி ஒருவர் கிடையாது. யார் வந்தாலும் போனாலும் மாறாமலிருக்கக் கம்பெனி வைத்த பெயர் அது.

2

'இத்தாலியில் மெண்டல் விழுந்தபோது மழை பெய்துகொண்

(வேண்டாம். அறையில் இருந்த யாருக்கும் மழையைப் பற்றித் தெரியாது. சாவுச் செய்தி சொன்ன தந்தியில் மழை இல்லை.)

"ஒரே ஒரு தடவ அவர் பேரப் போடுங்க சார்," என்றாள் ஃபான்யா. "அவர் வரஞ்ச கடைசிக் கத அடுத்த மாசம் வருதாமே. கைக்கொழந்த இருக்கு. நாளைக்கு இது உங்கப்பா வரஞ்சதுன்னு நான் எதக் காட்டுவேன்?"

"போட்டா, அப்ப கிராண்ட் யாருன்னு பசங்க கேப்பாங்க. வரஞ்சவரு செத்துட்டாருன்னு தெரிஞ்சா, ஐவர்ல அடுத்து யாருன்னு கேப்பாங்க. இந்தப் புத்தகத்துல யாரும் சாகக் கூடாதும்மா," என்றார் லாஸ்கர்.

"எங்க வீட்டுல செத்துட்டாரே."

விட்டோ தூரிகையைத் தண்ணீரில் கலக்கிக்கொண்டே இருந்தான்.

"முடியாதுன்னா அத எழுத்துல அனுப்பிடுங்க," என்று எழுந்தாள். "நான் சரியா கேக்கலன்னு மாமியார் சொல்லுவாங்க."

3

லாஸ்கரைப் பற்றி ஒரு சந்தேகம். முதல் பிரதியில் அவருக்குச் சுருட்டும் தடித்த விரல்களும் கொடுத்திருந்தேன். வெறுக்க வசதியாக இருந்தது. பிறகு எடுத்துவிட்டேன்.*

மெண்டலின் கடைசிப் பக்கத்தில், எதிரியிடமிருந்து பிடித்த பாலத்தின் மேல் ஐவரும் கீறலில்லாமல் நிற்கிறார்கள். பின்னால் வெடிமருந்துப் பெட்டிகள். ஒரு பெட்டியின் மேல் இடா பொடி எழுத்தில் எழுதினாள்: மெண்டல் ஷாஃப்.

"என்ன அம்மணி, பெட்டிக்கெல்லாம் பேரு வெக்கிற?"

"உன் வேலயப் பாரு, விட்டோ."

"பாத்துட்டுதான் இருக்கேன். கோடு மங்கலா இருக்கு, அச்சுல விழாது. கொண்டா." கறுப்பாக்கிக் கொடுத்தான். "மெண்டல் எங்கப்பன் பொறந்த ஊருக்குப் பக்கத்துலதான் செத்திருக்கான். போனா திராட்ச சாப்பிடுடான்னு சொல்லி அனுப்பினேன், மடையன் நான்."

லாஸ்கர் பக்கத்தைப் பூதக்கண்ணாடியில் பார்த்தார். "இந்த ஷாஃப் கம்பெனி என்ன தயாரிக்குது, இடா?"

"இந்த அஞ்சு பேரத் தயாரிச்சது, சார்."

அவர் சிரிக்கவில்லை. வெள்ளைச் சாயப் புட்டியை அவள் பலகையில் வைத்தார். "நீயே அழிச்சிடும்மா. என் கையால வேணாம்."

* அவருடைய மகனும் அதே இத்தாலியில்தான் இருந்தான். இதைச் சொல்ல எனக்கு விருப்பமில்லை, வெறுப்பதைக் கடினமாக்குகிறது.

4

இங்கே இரண்டு முடிவுகள் எழுதிப் பார்த்தேன்.

ஒன்றில் இடா புட்டியைச் சுவரில் அடித்துவிட்டு வேலையை விடுகிறாள். நீங்கள் கைதட்டுவீர்கள். அவள் வீட்டு வாடகையை நீங்கள் கட்டப்போவதில்லை.

இன்னொன்றில் வெள்ளை மெல்லியதாகப் பட்டு, அச்சில் பெயர் தெரிந்துவிடுகிறது. அழகாக வந்தது. ஐவர் துப்பாக்கிக் குண்டை வெறுங்கையால் பிடிப்பார்களே, அந்த மாதிரி அழகு. கிழித்தேன்.

அவள் அழித்தாள். அரைகுறையாக அல்ல; தொழில் தெரிந்தவள் அழிப்பதுபோல.

5

முடியாது என்ற கடிதத்தை இடாதான் தட்டச்சு செய்தாள். 'தங்கள் கணவரின்' வரை வந்து, 'உழைப்பு' என்று போடுவதா 'சேவை' என்று போடுவதா என்று

(நான் 'உழைப்பு' என்றேன். கம்பெனி 'சேவை' என்றது.)

"கீழ என் பேரப் போடட்டுமா சார்?"

"கிராண்ட் பேரப் போடு. வெளிய போறதெல்லாம் அவர் பேர்லதான் போகணும்னு வக்கீல் சொல்லியிருக்காரு."

"அவங்களுக்குமா?"

"அவங்களுக்குத்தான் முக்கியமா. நாளைக்குக் கேஸ் போட்டா?"

இடா பேனாவை மையில் தொட்டு ஹாலிஸ் கிராண்ட் என்று ஒப்பமிட்டாள். பெரிய 'ஹா', அடியில் சவுக்கு வீசினாற்போல ஒரு கோடு. அந்த ஒப்பத்தை முதலில் போட்டவன் மெண்டல். தன் சொந்த ஒப்பத்தின் வாலை அப்படியே அதற்கும் வைத்துவிட்டான். மற்றவர்கள் பார்த்துப் பார்த்துப் பழகினார்கள். போர்முனையிலிருந்து ஃபான்யாவுக்கு வந்த கடிதங்கள் எல்லாம் அந்தக் கோட்டில்தான் முடிந்தன.

இது இடாவுக்குத் தெரியுமா? தெரியும் என்று எழுதினால் அவள் கொடியவள். தெரியாது என்றால் நான். தீர்மானிக்க என்னால் ஆகவில்லை. ஃபான்யா அதைப் பிரிக்கும் காட்சியையும் நான் எழுதப்போவதில்லை. எழுதுகிறவர்கள் எழுதிக்கொள்ளுங்கள்.

தபால்காரர் வாசலில் பையை விரித்துப் பிடித்தார். இடா உறையின் ஓரத்தை நாவால் நனைத்து, ஒட்டி, கட்டைவிரலால் அழுத்தித் தேய்த்து, உள்ளே போட்டாள்.