முதுகில் குத்தினால் பிரேக்

1

கீழ்வீட்டுக் கோமளம் ஸ்கூட்டரின் பின்சீட்டில் உட்கார்ந்து கணவர் அசோகனின் முதுகில் குத்துவதை மாடியிலிருந்து பார்த்தேன். கதை அங்கே பிறந்தது. நைட் ஷிஃப்ட் வேலையைப் பாதியில் விட்டவனுக்குப் பகலில் வேறென்ன பொழுதுபோக்கு? ஒரு தொடக்கமும் எழுதினேன்:

'2003-இல் ஆஸ்டின் டவுன் கண்ட மிக நீளமான புருஷன் பெண்டாட்டிச் சண்டை, ஒரு ஸ்கூட்டரின் மேல்...'

அடித்துவிட்டேன். விசாரித்தால், சண்டையே கிடையாது. இடது தோளில் தட்டினால் இடப்பக்கம், வலது தோளில் தட்டினால் வலப்பக்கம், முதுகில் குத்தினால் பிரேக்.

2

அசோகனுக்கு மூன்று முறை கண்ணாடி மாற்றிப் பார்த்தார்கள். கடைசியில் நரம்பு டாக்டர்தான் கண்டுபிடித்தார். அசோகனின் கண் ஒழுங்காகப் பார்த்து அனுப்புகிறது. அதை வாங்கிப் புரிந்துகொள்ள வேண்டிய மூளையின் பின்பக்கம் தேய்ந்துகொண்டிருக்கிறது. மாத்திரை அட்டையின் பொடி எழுத்தைப் படித்துவிடுவார். கடைப் போர்டின் பெரிய எழுத்து அவருக்குத் துண்டு துண்டாகச் சிதறிவிடும். மறதிநோயில் இது அபூர்வமான வகையாம்.

[மறதி எங்கே என்று கேட்பீர்கள். இன்னும் வரவில்லை. தன் கல்யாணத்தில் பாயசம் தீர்ந்தது எந்த மாமாவால் என்பதுகூட அவருக்கு நினைவிருக்கிறது.]

"வண்டி ஓட்டக் கூடாதுன்னு டாக்டர் சொல்லலையா?" என்று கோமளத்திடம் கேட்டேன்.

"அவரு எங்கப்பா ஓட்றாரு? நான்தான் ஓட்றேன். அவரு சும்மா ஹேண்டில புடிச்சிக்கினு கிறாரு."

அசோகன் விடுவாரா? "கல்யாணமான நாள்லேர்ந்தே அப்டித்தாம்பா."

3

இங்கே ஒரு விபத்து வைத்தால் கதை சூடுபிடிக்கும். 'ட்ரினிட்டி சர்க்கிளில் ஒரு லாரி...' வேண்டாம். கதை நகராதபோது லாரியைக் கூப்பிடுவது சோம்பேறிகளின் வழக்கம்.

எனக்குத் தெரிந்தது இவ்வளவுதான். நேற்று ஒரு பள்ளிக்கூடப் பெண் குறுக்கே வந்தாள். கோமளம் குத்தினார். வண்டி அவள் புத்தகப்பையை உரசிக்கொண்டு நின்றது. அவள் கன்னடத்தில் திட்டிவிட்டுப் போனாள்.

"குத்து லேட்டு, கோமு," என்றார் அசோகன்.

கோமளம் சிரிக்கவில்லை. "இனிமே வண்டி வேணாங்க."

"வண்டியும் இல்லேன்னா நான் எதுக்குடி?"

4

இன்று காலை. தேய்த்த சட்டை போட்டுக்கொண்டு அசோகன் சாவியைத் தேடுகிறார். கோமளம் அதை ஒளிக்கவில்லை. எப்போதும் தொங்கும் ஆணியில், அவர் மூக்குக்கு நேரே தொங்குகிறது. அவர் கை ஒரு சாண் தள்ளிச் சுவரைத் தடவுகிறது.

"கோமு, சாவி எங்க?"

முடிவு ஒன்று: "எதிர்லயே கீதுங்க." கிளம்புகிறார்கள். இன்றைக்கும் குத்து லேட்டாகலாம்.

முடிவு இரண்டு: "காணோங்க. ஆட்டோல போலாம்." [புருஷனிடம் அவர் சொன்ன முதல் பொய் என்று எழுதியிருந்தேன். கோமளம் படித்தால் விழுந்து விழுந்து சிரிப்பார். அடித்துவிட்டேன்.]

ஆனால் கோமளம் வாயே திறக்கவில்லை. அசோகன் மாடிப்படியில் நிற்கும் என் பக்கம் முகத்தைத் திருப்புகிறார்.

"ஏம்பா, நீயாவது பாத்தியா?"

நான் எந்த வேலையையும் முடித்தவன் இல்லை. இதையும் இங்கேயே விடுகிறேன். அவர் கை இன்னும் சுவரில்தான் இருக்கிறது. இப்போது உங்கள் பக்கம் திரும்பிக் கேட்கிறார். ஆணியும் சாவியும் உங்களுக்கு நன்றாகத் தெரிகின்றன.