மூச்சடக்கி நின்ற ஊர்

ராயப்பனுக்குத் தன் கண்மேல் கர்வம் அதிகம். செவ்வாய்ப்பேட்டைக் கடைகளுக்கெல்லாம் பெயர்ப்பலகை எழுதிய ஓவியன். சும்மா சொல்லக்கூடாது, நன்றாகவே எழுதுவான். சீமைக்குக் கப்பலேறிய ஒரு துரையிடம் சினிமா காமிரா வாங்கிய பிறகு அவனுக்குத் தலைகால் புரியவில்லை. மேட்டூர் அணைத் தண்ணீரில் மூழ்கவிருந்த புங்கம்பட்டிக்குப் போய், ஊர் காலியாவதற்குள் அதைப் படம் பிடித்துவிட்டான்.

இரண்டு வருஷம் கழித்துத்தான் அதைக் காட்ட முடிந்தது. புங்கம்பட்டிச் சனங்கள் சேந்தமங்கலத்துப் பக்கம் ஒரு மேட்டில் குடியேறியிருந்தார்கள். சுற்றுவட்டாரத்தில் அவர்களுக்கு 'அணைக்காரங்க' என்றே பேராகிவிட்டது. அங்கே ஒரு கடலைக்காய்க் கிடங்கின் கதவுகளைச் சாத்தி, வெள்ளை வேட்டியைத் திரையாகக் கட்டினான். நடுப்பகல், உள்ளே ஒரே புழுக்கம். ஒருவரும் எழுந்து போகவில்லை.

திரையில் புங்கம்பட்டி வந்தது. வாசலுக்கு வாசல் ஆட்கள் நின்றார்கள். நின்றார்கள் என்றால் நின்றார்கள், அவ்வளவுதான். போட்டோ என்றாலே மூச்சையடக்கி, இமைக்காமல் நிற்கவேண்டும் என்று பழகியவர்கள். காமிரா சுழலச் சுழல விறைத்தபடியே இருந்தார்கள். ஒரு கன்றுக்குட்டி மட்டும் யாரையும் மதிக்காமல் குறுக்கே ஓடியது.

படம் முடிந்ததும் ஆத்தாயி அவனிடம் வந்தாள். அவள் புருஷன் வெள்ளியங்கிரி இந்த மேட்டுக்கு வந்த வருஷமே காய்ச்சலில் போய்விட்டார்.

"ஏனுங்க, இது அசையற படம்னு சொன்னாங்க. எங்கூட்டுக்காரரு நடக்கவே இல்லீங்களே."

"போட்டோவுக்கு நிக்கற மாதிரி நின்னுட்டாருங்கம்மா."

"போட்டோ எங்கிட்டயும் ஒண்ணு இருக்குதுங்க. அவரு நடக்கறதப் பாக்கத்தான் வந்தேன். அந்த நடை எனக்கு மறந்துகிட்டே வருதுங்க சாமி."

ராயப்பனுக்குச் சுருக்கென்றது. நடந்தார்கள், எல்லோரும்தான் நடந்தார்கள். வேலை முடிந்தது என்று நினைத்து மூச்சைவிட்டு, அவரவர் பாட்டுக்குக் கலைந்து போனார்கள். அழகு கெட்டுவிட்டது என்று அந்த இடங்களையெல்லாம் கத்தரித்துத் தள்ளியவன் இவனேதான். பெரிய ஓவியனாம்!

நல்லவேளை, துண்டுகள் வீட்டில் ஒரு பிஸ்கட் டப்பாவில் கிடந்தன. ஞாயிற்றுக்கிழமைப் பூசைக்குக்கூடப் போகாமல் உட்கார்ந்து அவற்றை ஒட்டினான். மறுபடியும் அதே கிடங்கில் வேட்டியைக் கட்டினான்.

வெள்ளியங்கிரி வந்தார். விறைத்திருந்த மார்பு தளர்ந்தது. முடிந்ததா என்று கேட்பதுபோல வாயசைத்தார். திரும்பி, இடது காலைச் சற்றே இழுத்தபடி நடந்து, நன்றாகக் குனிந்து வீட்டுக்குள் போனார். அதோடு துண்டு தீர்ந்துவிட்டது.

ஆத்தாயி முந்தானையால் வாயைப் பொத்திக்கொண்டாள். அழுகிறாள் என்று பயந்து ராயப்பன் கிட்டே போனான். அவள் சிரித்துக்கொண்டும் இருந்தாள்.

"அந்த ஊட்டு நெலவாசல் தாழ்வுங்க," என்றாள். "இங்க கட்டுனது நல்ல ஒசரம். ஆனாலும் சாகற வரைக்கும் அவரு குனிஞ்சுதாங்க உள்ள வந்தாரு."