துணை நடிகையின் புருசன்

குருநகர் றெஜினா, டென்மார்க் விசாவுக்காகத் தாய்வீட்டில் காத்திருந்த இரண்டு வருடத்தில் பதினான்கு இத்தாலியப் படங்களில் துணை நடிகையாக நடித்தாள். அது அவளுக்குத் தெரியாது. முதலில் கண்டது டென்மார்க்கில் ஹோர்சன்ஸ் நகரில் இருந்த புருசன் மரியரட்ணம்தான். 1987 கார்த்திகையில் ஒரு வியாழக்கிழமை, இறைச்சித் தொழிற்சாலை வேலையால் வந்து தொலைக்காட்சியைப் போட்டால், கறுப்பு வெள்ளைப் படமொன்றில் கதாநாயகனுக்குப் பின்னால் தண்ணீர்க் குடத்தோடு போகிறாள் அவன் பெண்சாதி. அறையில் கூட இருந்த கந்தையா அண்ணையும் கண்ணாடியைத் துடைத்துப் பார்த்துவிட்டு ஓமென்றார். படம் றெஜினா பிறப்பதற்கு எட்டு வருடம் முந்தியது என்று பேப்பரில் இருந்தது. பேப்பரில் எத்தனையோ போடுவார்கள்.

அவளைக் கூப்பிடும் விண்ணப்பம் கொப்பன்ஹேகனில் ஏதோவொரு மேசையில் அசையாமல் கிடந்தது. அவளுடைய நடிப்புத் தொழில் மட்டும் மளமளவென்று வளர்ந்தது. ஈஸ்டருக்கு வேலைக்காரி ஆனாள், ஆடியில் இரண்டு வசனம் பேசும் தாதி ஆனாள். குரல் அவளுடையதில்லை, வேறு யாரோ பேசினார்கள். குரலாவது தப்பியதே என்று மரியரட்ணம் ஆறுதல்பட்டான். ஆனால் எல்லாப் படத்திலும் அதே அரும்புமீசைக் கதாநாயகன்! ஒருநாள் அவள் நீட்டிய கோப்பையை வாங்கும்போது அவன் அவள் விரலையும் சேர்த்துப் பிடித்தான். மரியரட்ணம் கதிரையை விட்டு எழும்பினான்.

"பாத்தியளே அண்ணை! கோப்பையை வாங்கிறவன் கோப்பையை எல்லோ பாக்கவேணும்?"

"அவன் நடிகனடா தம்பி."

"இவள் நடிகையில்லையே!"

அதன்பிறகு றெஜினா வரும் காட்சிகளில் கந்தையா அண்ணையும் சுவர்ப்பக்கம் திரும்பியிருக்க வேண்டியதாயிற்று. மற்ற ஆம்பிளைகளுக்குத் தேத்தண்ணி குடுக்காதை என்று ஊருக்குக் கடிதம் போட்டான். நாலு மாதம் கழித்துப் பதில் வந்தது. 'ஆருக்குக் குடுக்க? சீனியைக் கண்டே மாசக்கணக்கு. தட்டம் தூக்கித் திரிஞ்சமாதிரிக் கை மட்டும் உளையுது, ஏனெண்டு விளங்கேல்லை.'

1989 தையில், வருகிற சனிக்கிழமைப் படத்தின் முடிவில் வேலைக்காரியைக் கதாநாயகன் கட்டுவான் என்று பேப்பர் சொன்னது. மரியரட்ணம் விசா அலுவல் பார்க்கும் பொலிஸ் நிலையத்துக்கு ஓடினான். அவனுக்குத் தெரிந்த டேனிஷ் முழுக்க அவள் படங்களின் அடியில் ஓடும் எழுத்தைப் பார்த்துப் படித்தது. "கருணை காட்டுங்கள் பிரபுவே, சனிக்கிழமைக்குள் என் காதலி வராவிடில் இவ்வுயிர் தரியாது" என்றான். அந்த டேனிஷைக் கேட்ட அதிகாரி எழும்பி நின்று கோப்பி கொடுத்தார். கொடுத்துவிட்டு, விண்ணப்பம் பரிசீலனையில் இருக்கிறது என்றார்.

சனிக்கிழமை மரியரட்ணம் கலியாணக் கோட்டைப் போட்டுக்கொண்டு தொலைக்காட்சிக்கு முன்னால் போய் நின்றான். படத்துப் பாதிரியார் சம்மதமா என்று கேட்டார். மீசைக்காரன் வாயைத் திறக்குமுன் இவன் "ஓம்!" என்று கத்தினான். பாதிரியார் குழம்பிப் புத்தகத்தை மூடினார். தொழில்நுட்பக் கோளாறுக்கு அறிவிப்பாளர் மன்னிப்புக் கேட்டார். சித்திரையில் விசா வந்தது.

றெஜினா ஒற்றைப் பையோடு வந்து இறங்கினாள். கந்தையா அண்ணை கொப்பன்ஹேகன் பக்கம் இஷொய்க்கு மாறிப்போனார். முதல் வியாழக்கிழமை, படத்தில் மீசைக்காரன் மேசையில் இருந்து கையை நீட்டினான். கோப்பை கொண்டுவர ஆளில்லை. வாத்தியங்கள் ஒரே இடத்தையே திரும்பத் திரும்ப வாசித்தன. மரியரட்ணத்துக்கு அப்படியொரு சந்தோசம். இரடா, விடியுமட்டும் இரு!

குசினியிலிருந்து தேத்தண்ணியோடு வந்த றெஜினா திரையைப் பார்த்தாள். "ஐயோ பாவம், எவ்வளவு நேரமாக் கையை நீட்டிக்கொண்டு இருக்கிறார்" என்றபடி கோப்பையை மீசைக்காரனின் கையில் வைத்தாள். படம் ஓடத் தொடங்கியது.

"உனக்கு அவனைத் தெரியுமே?"

"ஆரெண்டே தெரியாது" என்றாள். "ஆனால் சீனி போடாமல்தான் குடிப்பார்."

மரியரட்ணம் அன்று சாப்பிடாமல் படுத்தான். அதற்குப் பிறகு அந்த வீட்டில் வியாழக்கிழமைகளில் மூன்று கோப்பை தேத்தண்ணி ஊற்றப்பட்டது. சீனி போடாததை மரியரட்ணமே கொண்டுபோய்க் கொடுத்தான்.